விசாரிக்க வந்தவரிடம் நான் சொன்னது

என் மகனுக்கு,

சலாம் சொல்லித்தான் ஆரம்பிக்கிறேன். அதற்கு மேல் வாழ்த்து எதையும் இந்தக் கடிதத்தில் எதிர்பார்க்காதே. ஞாயிற்றுக்கிழமை உன் நிக்காஹுக்கு வருகிற கூட்டம் முழுக்க வாழ்த்தத்தான் போகிறது. எச்சரிக்கை சொல்ல என்னை விட்டால் உனக்கு ஆள் கிடையாது. வாசலில் சீரியல் பல்பு கட்டியாகிவிட்டது. உன் அத்தா அதை எரியவிடுவதும் அணைப்பதுமாகக் குழந்தை மாதிரி விளையாடிக்கொண்டிருக்கிறார். நான் சமையற்கட்டில் உட்கார்ந்து எழுதுகிறேன். உங்கள் ஆட்கள் ஜெராக்ஸ் போட்டுக் கொடுக்கிறார்களே ஒரு பத்திரிகை, அதற்கு எழுதச் சொல்லி உன் நண்பர்கள் என்னை விடாமல் கேட்டார்கள். "தொழிலாளி வூட்ல இருக்கறவங்களும் எழுதணும்மா, நீங்க ஆரம்பிச்சு வைங்க" என்றார்கள். கேட்டவுடனே எனக்குத் தோன்றியது, ஊரில் இத்தனை வீடு இருக்க என் வீட்டுக் கதவை ஏன் தட்டுகிறார்கள் என்றுதான். இருந்தாலும் எழுதுகிறேன். நான்கு பேர் படிக்கிற இடத்தில் சொன்னால்தான் நீயும் ஒழுங்காகக் காது கொடுப்பாய்.

நான் சந்தேகக்காரி என்று நம் தெருவே சொல்லும். பால்காரர் முகத்துக்கு நேராகவே சொல்லியிருக்கிறார். எனக்கு வருத்தமில்லை. உன் அத்தா எல்லோரையும் நம்புகிறவர். சீட் கவர் தைத்துக்கொடுத்துவிட்டு, "அப்புறமா தரேன் பாய்" என்று வண்டியைக் கிளப்புகிறவனுக்குக் கையாட்டி வழியனுப்புவார். ஒரு வீட்டில் இரண்டு பேரும் அப்படி இருந்தால் அந்த வீட்டில் கதவு எதற்கு? அதனால் நம்புவதை அவரிடம் விட்டுவிட்டு மற்றதை நான் எடுத்துக்கொண்டேன். இதை நான் பிறக்கும்போதே கொண்டுவரவில்லை, கம்பெனியில் கற்றுக்கொண்டேன். தாம்பரம் சானடோரியம் பக்கம் ஏற்றுமதிக்குச் சட்டை தைக்கிற கம்பெனியில் நான் வேலை பார்த்த காலமெல்லாம், சாயங்காலம் கேட்டில் எங்களை வரிசையில் நிறுத்தித் தடவிப் பார்த்துத்தான் வெளியே விடுவார்கள். நூல்கண்டு எடுத்துப் போகிறோமாம். டிபன் பாக்ஸைத் திறந்து காட்டச் சொல்வார்கள். தினமும் என்னைத் திருடியாகப் பார்க்கிறவர்களை நான் மட்டும் யோக்கியர்களாகப் பார்க்க வேண்டுமா? நானும் பார்க்க ஆரம்பித்தேன். பார்க்கப் பார்க்க நிறையத் தெரிந்தது.

அதில் தெரிந்ததுதான் அந்த டீ விஷயம். உனக்குச் சொல்லியிருக்கிறேன், இங்கே மற்றவர்களுக்காக இன்னொரு முறை சொல்கிறேன். எல்லையில் சண்டை நடந்த வருஷம். டிவியில் முழுக்கப் பனிமலையும் துப்பாக்கியும்தான். எங்கள் கம்பெனியில் பாத்ரூமுக்குப் போக டோக்கன் வைத்திருந்தார்கள்; ஒரு லைனுக்கு ஒரு டோக்கன், ஒருத்தி போய் வந்தால்தான் அடுத்தவள் போகலாம். மாதவிடாய் நாளில் பெண்கள் அழுதுகொண்டே தைப்பார்கள். டோக்கன் முறையை எடுத்துவிடுங்கள் என்று கேட்கப் போனோம். மேனேஜர் டிவியில் வருகிற தலைவர் மாதிரி எழுந்து நின்று, "நம்ம ஜவான்கள் பனியில நிக்கிறாங்க, நீங்க பாத்ரூமுக்கு டைம் கேக்கறீங்களா? உங்களுக்கு நாட்டுப்பற்றே இல்லையா?" என்றார். வெளியே வந்த பிறகுதான் எனக்கு உறைத்தது, நாங்கள் தைக்கிற சட்டை எந்த ஜவானுக்கும் போகவில்லை, அது அமெரிக்காவில் யாரோ நாயோடு நடக்கப் போகும்போது போட்டுக்கொள்கிற சட்டை. அடுத்த நாள் எங்கள் சங்கத் தலைவர், "நான் பேசி முடிச்சுட்டு வரேன்" என்று மேனேஜர் ரூமுக்குத் தனியாகப் போனார். வெகுநேரம் கழித்து வெளியே வந்தார். "நாடு கஷ்டத்துல இருக்கு, கொஞ்ச நாள் பொறுத்துக்குவோம்" என்றார். சொல்லும்போது அவர் வாயில் ஏலக்காய் வாசம் அடித்தது. ஃபேக்டரி கேன்டீனில் எந்தக் காலத்தில் ஏலக்காய் டீ கொடுத்திருக்கிறார்கள்? மேனேஜருக்கு மட்டும் வருகிற டீ அது. நாங்கள் வெயிலில் நிற்க, அவர் உள்ளே உட்கார்ந்து அதைக் குடித்திருக்கிறார். டோக்கன் டோக்கனாகவே இருந்தது. அன்றிலிருந்து தலைவர் என்று யார் வந்தாலும் நான் முதலில் மூக்கைத்தான் நம்புகிறேன்.

இப்போது உன் புத்தகங்களுக்கு வருகிறேன். தாம்பரம் ஸ்டேஷன் பக்கத்து டீக்கடையில் ஞாயிற்றுக்கிழமை கூடிப் பேசுகிறீர்களே, அந்தக் கூட்டத்துக்கு ஜோல்னாப் பை மாட்டிக்கொண்டு வருகிற ரிட்டயர்டு லெக்சரர் சார் கொடுத்த புத்தகங்கள். நீ ஷிஃப்டுக்குப் போன பிறகு உன் அலமாரியைத் திறந்து பார்த்தேன். தப்புதான். அதற்காக மன்னிப்பெல்லாம் கேட்க மாட்டேன். பெற்ற பிள்ளையை யார் எங்கே இழுத்துப் போகிறார்கள் என்று பார்ப்பது என் வேலை. அட்டையில் அரசின்மைவாதிகள் என்று போட்டிருந்தது. பெயரைப் பார்த்ததும் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். குண்டு போடுகிற கூட்டம் என்றுதான் நினைத்தேன். பிறகு ஒவ்வொரு நாளும் சோறு வடித்துவிட்டுக் கொஞ்சம் கொஞ்சமாகப் படித்தேன். முழுப் புத்தகமும் புரிந்தது என்று பொய் சொல்ல மாட்டேன். ஆனால் சிகாகோ என்ற ஊரில், எட்டு மணி நேரத்துக்கு மேல் வேலை செய்ய மாட்டோம் என்று கேட்ட தொழிலாளிகளின் கூட்டத்தில் யாரோ குண்டு வீசினார்கள், யார் வீசியது என்று கடைசி வரை தெரியவில்லை, இருந்தாலும் சிலரைப் பிடித்துத் தூக்கில் போட்டுவிட்டார்கள் என்ற இடம் நன்றாகவே புரிந்தது. மே மாதம் நாம் கொடி ஏற்றுகிறோமே, அதற்குப் பின்னால் இருப்பவர்கள் அவர்கள்தான் என்று எங்கள் சங்கத்தில் ஒருவரும் சொல்லவில்லை. மிட்டாய் மட்டும் கொடுத்தார்கள்.

படித்ததில் நான் நம்பாதவையும் இருக்கின்றன. அரசாங்கம் வேண்டாம், முதலாளி வேண்டாம், எவனுக்கும் எவனும் தலைவன் இல்லை என்று சொன்னவர்கள், சரி. உலக யுத்தம் வந்ததும் என்ன ஆனது? இது ராஜாக்களின் சண்டை, தொழிலாளிக்கு இதில் வேலை இல்லை என்று நிறையப் பேர் சொல்லி ஜெயிலுக்குப் போனார்கள், நாடு கடத்தப்பட்டார்கள். அவர்களுக்கு நான் தலை வணங்குகிறேன். ஆனால் அவர்களுக்குள்ளேயே, எல்லோரும் தாத்தா மாதிரி மதித்த ஒரு பெரியவர், தாடியெல்லாம் நரைத்த பிறகு, இந்தப் பக்கம்தான் ஜெயிக்க வேண்டும் என்று யுத்தத்துக்கு ஆதரவாகக் கையெழுத்துப் போட்டிருக்கிறார். எனக்கு உடனே ஏலக்காய் வாசம் வந்தது. அப்புறம் ஸ்பெயின். ராணுவத் தளபதிகள் அரசாங்கத்தைக் கவிழ்க்கக் கிளம்பி வந்தபோது, தொழிலாளிகளே டிராமைக் கையில் எடுத்து ஓட்டினார்களாம், யுத்தத்துக்கு நடுவிலும் வண்டி நிற்காமல் ஓடியதாம். அதைப் படித்தபோது எனக்கே மயிர்க்கூச்செறிந்தது. கொஞ்சம் பக்கம் தள்ளினால், அரசாங்கமே வேண்டாம் என்று சொன்ன அதே ஆட்களில் சிலர் போய் மந்திரியாக உட்கார்ந்திருக்கிறார்கள். இதற்கு என்ன சொல்வாய்? அந்தப் படங்களில் கூட்டம் கூட்டமாக ஆம்பிளைகள் நிற்கிறார்களே, இவர்களுக்கெல்லாம் யார் சோறு ஆக்கினார்கள் என்றும் தேடினேன். அதற்கும் பதில் இருந்தது. எஜமான் வேண்டாம் என்று தெருவில் கத்திவிட்டு வந்தவர்கள் வீட்டில் எஜமானாகத்தான் இருந்தார்களாம். பொறுக்க முடியாமல் அங்கே பெண்கள் தனியாக ஒரு அமைப்பே வைத்துக்கொண்டார்கள். புத்தகத்திலேயே நான் முழுசாக நம்பினது அந்த ஒரு பக்கத்தைத்தான்.

இன்னொன்றும் படித்தேன். பாரீஸ் நகரத்தில் ஒரு போலீஸ் அதிகாரி தன் பக்கத்திலிருந்து காசு கொடுத்து, இந்த அரசின்மைவாதிகளின் பெயரிலேயே ஒரு பத்திரிகை நடத்தவைத்திருக்கிறார். யார் யார் எழுதுகிறார்கள், யார் யார் வருகிறார்கள் என்று தெரிந்துகொள்ளத்தான். அதைப் படித்த பிறகு அந்த லெக்சரர் சார் நம் வீட்டுக்கு வந்தபோது நான் கண்ணை எடுக்கவேயில்லை. பிரியாணி சாப்பிட்டார், நன்றாக இருக்கிறது என்றார், உன்னைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஒரு வீட்டுக்கு வருகிற மனிதன் ஒன்றுமே கேட்காமல் போவானா? நீ என்னைப் பார்த்துச் சிரித்தாய். "கேட்டா ஸ்பைன்னு சொல்றே, கேக்கலன்னாலும் ஸ்பைன்னு சொல்றே, அவர் இன்னாதாம்மா பண்ணுவாரு?" என்றாய். அது அவர் பாடு. நிக்காஹுக்கும் வரட்டும், வயிறாரச் சாப்பிடட்டும். நான் பார்த்துக்கொண்டுதான் இருப்பேன்.

மறைமலை நகரில் உங்கள் கம்பெனியில், காருக்குப் பிரேக் சாமான் செய்கிற அந்தக் கம்பெனியில், ஸ்ட்ரைக் ஆரம்பித்தபோது எனக்கு எல்லாமே சந்தேகமாக இருந்தது. வருஷக்கணக்கில் டிரெய்னி என்றே வைத்திருக்கிறார்கள், நிரந்தரம் பண்ணுங்கள் என்று கேட்டீர்கள். நியாயம்தான். ஆனால் உங்களுக்குத் தலைவர் கிடையாது என்றாய். பேச்சுவார்த்தைக்கு இன்று போனவர் நாளைக்குப் போக மாட்டார், வேறு ஆள் போவார், போகிறவரும் தனியாகப் போக மாட்டார் என்றாய். "யாரு லீடர்னு தெரிஞ்சாத்தானேம்மா வெலைக்கு வாங்க முடியும், இல்ல வெளிய தள்ள முடியும்? லீடர்னா எல்லாரும் லீடர், இல்லன்னா ஒருத்தரும் இல்ல" என்றாய். புத்தகத்தில் படித்ததை ஃபேக்டரியில் ஓட்டிப் பார்க்கிறீர்கள் என்று புரிந்தது. உள்ளே போகிறவர்கள் அங்கே டீ, காபி, தண்ணீர்கூடக் குடிக்கக் கூடாது என்று ஒரு கட்டுப்பாடு வைத்திருப்பதாக நீ சொன்னபோது மட்டும் நான் எழுந்து போனேன். கண் கலங்கியதைக் காட்டக் கூடாது என்று போனேன். அந்தக் கட்டுப்பாடு ஸ்பெயினிலிருந்து வரவில்லை, என் வாயிலிருந்து வந்தது.

இருந்தாலும் நீ சொன்னதை நான் நம்பவில்லை. தலைவர் இல்லாமல் ஒரு கல்யாணப் பந்தியைக்கூட நடத்த முடியாது, இத்தனை பேர் எப்படி ஒன்றாக உட்கார்ந்திருக்கிறார்கள்? கட்டாயம் ஒருவன் இருக்கிறான், அது நீதான், என்னிடம் மறைக்கிறாய் என்று முடிவு கட்டினேன். ஒரு நாள் உன்னிடம் சொல்லாமல் ஜி.எஸ்.டி. ரோட்டில் பஸ் ஏறி வந்தேன். கேட்டுக்கு எதிரே பந்தல். கொஞ்சம் தள்ளி ஒரு வேப்பமரத்தடியில் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு நின்றேன். பேசிக்கொண்டிருந்தது யாரோ ஒரு ஒல்லிப் பையன், செங்கல்பட்டுப் பக்கத்துப் பேச்சு. நீ எங்கே என்று தேடினேன். பின்னால் டீ கிளாஸ்களைக் கழுவிக்கொண்டிருந்தாய். அவன் முடித்ததும் வேறு ஒருவன் எழுந்தான், அப்புறம் இன்னொருவன். நீ கிளாஸ் கழுவி முடித்துத் துடைப்பத்தை எடுத்தாய். நான் அங்கே நின்ற வரை உன்னை யாரும் மேடைக்குக் கூப்பிடவில்லை. உள்ளதைச் சொல்கிறேன், எனக்கு ஏமாற்றமாக இருந்தது. தலைவனாக இருந்துவிடக் கூடாதே என்று தொழுகையில் துவா கேட்டுக்கொண்டிருந்தவள், தலைவன் இல்லை என்று கண்ணால் பார்த்ததும் மனம் சுண்டிப்போய் வீட்டுக்கு வந்தேன். பெற்ற மனது எவ்வளவு கள்ளத்தனமானது பார். அன்றிலிருந்து நான் சந்தேகப்படுகிறவர்கள் பட்டியலில் என்னையும் சேர்த்துக்கொண்டேன்.

ஸ்ட்ரைக் முடிந்தது. சிலரை நிரந்தரம் பண்ணினார்கள், மற்றவர்களைப் பார்க்கலாம் என்றார்கள். நீங்கள் வேலைக்குத் திரும்பினீர்கள். ஆனால் கம்பெனிக்குக் கோபம் ஆறவில்லை. இதை ஆரம்பித்தது யார் என்று கண்டுபிடிக்க வீடு வீடாக ஆள் அனுப்புகிறார்கள் என்று பேச்சு வந்தது. கூடுவாஞ்சேரியில் உன்னோடு வேலை செய்யும் ஒரு பையன் வீட்டுக்கு இன்ஷூரன்ஸ் ஏஜெண்ட் என்று ஒருவன் வந்து, அவன் அப்பாவிடம் நன்றாகப் பேசி, எல்லாவற்றையும் கறந்துகொண்டு போயிருக்கிறான். அந்தப் பையனுக்கு அடுத்த வாரமே சஸ்பென்ஷன். நீ இதைச் சாப்பிடும்போது சாதாரணமாகச் சொன்னாய். நான் தட்டைத் தள்ளி வைத்தேன். நம் வீட்டு வாசலுக்கு வரட்டும், பார்த்துக்கொள்கிறேன் என்று மனதுக்குள் கறுவிக்கொண்டேன்.

வந்தார். நம் தெருமுனையில் தண்ணி லாரி நின்றிருந்தது, நான் குடத்தோடு வரிசையில் நின்றிருந்தேன், எனக்குப் பின்னால் பக்கத்து வீட்டு மேரி அக்கா. மொபெட்டில் ஒருவர் வந்து இறங்கினார். அயர்ன் பண்ணின சட்டை, பாக்கெட்டில் பேனா, காலில் பளபளவென்று ஷூ. நம் தெருச் சேற்றில் ஷூ போட்டுக்கொண்டு யார் வருவார்கள்? பார்த்தவுடனே எனக்கு மணி அடித்துவிட்டது. வரிசையில் அத்தனை பேர் இருக்க என்னிடமே வந்து, "ஏம்மா, சீட் கவர் கடை பாய் வூடு இந்தத் தெருவுலதானே? அவர் புள்ள மறைமலை நகர்ல வேலை பாக்கறாராமே. ஆள் எப்படி?" என்றார். கல்யாணத்துக்கு விசாரிக்கிறவர்களும் இப்படித்தான் வருவார்கள். வீட்டுக்குள் போகாமல் தெருவில் கேட்பதுதானே நம் பக்கத்து வழக்கம். எனக்கும் ஒரு நொடி அது தோன்றியது. ஆனால் அடுத்து ஒன்று கேட்டார் பார், "கூட்டம் கீட்டம்னா முன்ன நிக்கிறவரா, பின்ன நிக்கிறவரா?" அதோடு முடிந்தது. எந்தப் பெண் வீட்டுக்காரன் இதைக் கேட்பான்?

நான் உன் அம்மா என்று சொல்லவில்லை. "அவனா?" என்று உதட்டைப் பிதுக்கினேன். "அவன் எங்க கூட்டத்துல நிப்பான்? நாலு பேர் சத்தமா பேசினாலே வூட்டுக்கு ஓடி வந்துருவான். பல்லியப் பார்த்தாகூட அவங்கம்மாவ கூப்புடுவான். புஸ்தகம்னா தொடவே மாட்டான். உக்காருன்னா உக்காருவான், நில்லுன்னா நிப்பான், சுத்த அசடு" என்றேன். மேரி அக்கா குடத்தைத் தவறவிட்டார். நான் அவர் காலை மிதித்தேன். அந்த மனிதர் விடவில்லை. "அங்க ஸ்ட்ரைக் நடந்துதே?" என்றார். "எல்லாரும் வெளிய வந்தாங்கன்னு இவனும் வந்துருப்பான். கேட்ட மூடிட்டா உள்ள தனியா இன்னா பண்ணுவான்?" என்றேன். "அவங்க அம்மா எப்படி?" என்றார். "அந்தம்மாவா? வாயே தொறக்காது" என்றேன். அவர் மொபெட்டைக் கிளப்பிக்கொண்டு போன பிறகு மேரி அக்கா தரையில் உட்கார்ந்து சிரித்தார். நான் யுத்தத்தில் ஜெயித்தவள் மாதிரி தண்ணீரைத் தூக்கிக்கொண்டு வந்தேன்.

மறுநாள் தரகர் பாய் வந்து வாசலில் நின்றார். "கீழ்க்கட்டளைல ஒரு நல்ல எடம் சொல்லியிருந்தேனே, பொண்ணு பேரு ஷமீமா. பொண்ணோட அத்தா நேத்து உங்க தெருவுலயே வந்து விசாரிச்சுட்டுப் போயிருக்காரும்மா. மத்தவங்கள அனுப்ப மாட்டாரு, அவரே போய்தான் கேப்பாரு, அப்படி ஒரு ஆளு. இன்னா சொன்னாங்களோ தெரியல, ஒண்ணும் பிடிகுடுக்க மாட்டேங்கறாரு" என்றார். ஷூ போட்டு வந்தவர் யார் என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது. அந்தப் பெண்ணின் போட்டோவை நீ எத்தனை தடவை எடுத்துப் பார்த்தாய் என்பது எனக்குத் தெரியும். உன் அத்தாவுக்குத் தெரியாமல் இருந்திருக்கலாம், எனக்குத் தெரியாமல் இருக்குமா? உன் வேலையைக் காப்பாற்றுகிறேன் என்று உன் கல்யாணத்தைக் கெடுத்துவிட்டேன். உன்னிடம் சொல்ல வாய் வரவில்லை. அந்த வாரம் முழுக்க நீ கேட்டதையெல்லாம் சமைத்துப் போட்டேனே, எதற்கு என்று நினைத்தாய்?

ஆனால் பெண் வீட்டார் மாப்பிள்ளை வீடு பார்க்க வருவதாகச் சொல்லி அனுப்பினார்கள். நம்ப முடியவில்லை. அவமானப்படுத்தத்தான் வருகிறார்கள் என்றே நினைத்தேன். பெண்ணின் அத்தா கரீம் பாய் உள்ளே வந்து உட்கார்ந்தார், அதே பேனா, அதே ஷூ வாசலில். நாற்காலி போதவில்லை என்று நீ மேரி அக்கா வீட்டுக்கு ஓடினாய். நான் டீத்தட்டோடு வெளியே வந்தேன். அவர் என்னைப் பார்த்தார். டீ கிளாஸை எடுத்தவர், குடிக்காமல் ஸ்டூலில் வைத்துவிட்டார். பிடிக்காத வீட்டில் கை நனைக்க மாட்டார்கள் என்பது உனக்குத் தெரியும். நான் தட்டோடு அங்கேயே நின்றேன்.

"தண்ணி லாரிகிட்ட என்கிட்ட பேசினது நீங்கதானே?" என்றார்.

"ஆமா" என்றேன். வேறு என்ன சொல்வது?

"மாப்பிள்ளை அசடுன்னீங்க. பல்லியப் பார்த்தா கத்துவாருன்னீங்க."

"யாரு, எம் புள்ளயா?" என்று உன் அத்தா எழுந்தே விட்டார்.

கரீம் பாய் அவரை உட்காரச் சொன்னார். பிறகு மெதுவாகப் பேசினார். "நான் அம்பத்தூர்ல லேத்துல இருந்தேன் பாய். ஸ்ட்ரைக் நடந்துகினு இருந்துது. தூரத்துச் சொந்தம்னு சொல்லிகினு ஒருத்தன் எங்க வூட்டுக்கு வந்தான். எங்க அம்மா அவனுக்கு டீ போட்டுக் குடுத்து, 'எம் புள்ள ஒரு வார்த்த சொன்னா மொத்த ஷாப்பும் நிக்கும்'னு சொல்லிட்டாங்க. பெத்தவங்களுக்குப் பெருமை தாங்காது இல்ல? அதோட என் வேலை போச்சு. அப்புறம் எங்கயும் எடுக்கல. யாரு சொன்னாங்கன்னு எனக்குத் தெரியும், ஆனா அம்மாகிட்ட கடைசி வரைக்கும் சொல்லல. மௌத் ஆகற வரைக்கும் அவங்களுக்குத் தெரியாது." என் பக்கம் திரும்பினார். "உங்க வூட்டு வாசல்ல யாராவது இன்னா கேட்டா இன்னா சொல்லுவீங்கன்னு பாக்கத்தான் வந்தேன். நீங்கதான் அம்மான்னு பேச ஆரம்பிச்சதுமே தெரிஞ்சுபோச்சு. வேற யாரு அவ்ளோ கோவமா பொய் சொல்லுவாங்க? அந்த நேரத்துல உண்மைய சொல்ற வூட்ல எம் பொண்ண குடுக்க மாட்டேம்மா." பிறகு கிளாஸை எடுத்து டீயைக் குடித்தார். ஆறிப்போயிருந்தது. இன்னொன்று போட்டுத் தரட்டுமா என்றேன். இதுவே போதும் என்றார். நீ நாற்காலிகளோடு வந்தபோது எல்லோரும் சிரித்துக்கொண்டிருந்தார்கள், நான் மட்டும் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தேன். ஏன் என்று கேட்டாய், யாரும் சொல்லவில்லை. இப்போது தெரிந்துகொள்.

இனி புத்திமதி. வெளியே தலைவன் வேண்டாம் என்கிறவன் வீட்டில் தலைவனாக உட்காராதே. அந்தப் பந்தலில் கிளாஸ் கழுவின கைதானே, ஷமீமா வந்த பிறகும் அது கழுவட்டும். உன் மாமனாரை மதி, ஆனால் அவர் சொல்வதையும் ஒன்றுக்கு இரண்டு தரம் யோசி. நல்ல மனிதர்தான், இருந்தாலும் ஷூ போடுகிறவர். உன் சாரை நம்பு என்று சொல்ல மாட்டேன், நம்பாதே என்றும் சொல்லவில்லை. யுத்தம் என்று சொல்லி எவன் உன் வாயை மூடச் சொன்னாலும், அவன் தைக்கிற சட்டை யாருக்குப் போகிறது என்று முதலில் கேள். எங்கே போகிறாய் என்று உன் மனைவி கேட்டால் கோபப்படாமல் பதில் சொல். சந்தேகப்பட ஒரு ஆள் வீட்டில் இல்லாதவன் தெருவில் அனாதை. என்றாவது ஒரு நாள் யாரோ ஒருவன் வாசலில் வந்து கேட்டு, அவள் உன்னைக் கோழை என்று சொல்லிக் கேட்க நேர்ந்தால், உள்ளே போய் அவளுக்கு ஒரு டீ போட்டுக் கொடு. நீ கிளாஸ் கழுவினதைப் பார்த்து நான் சுண்டிப்போனேன் என்று எழுதினேனே, அது அன்றைய நாள் மட்டும்தான். இன்று அந்த மரத்தடியில் நிற்கச் சொன்னால் முக்காட்டை எடுத்துவிட்டு நிற்பேன்.

இந்தப் பத்திரிகையை யார் யார் படிக்கிறார்கள் என்று எனக்குத் தெரியாது. பாரீஸ் கதையைப் படித்தவள் நான். கம்பெனியிலிருந்து ஒருவராவது இதை வாங்கிப் போய், வரிக்கு வரி கோடு போட்டுப் படிப்பார் என்றுதான் நினைக்கிறேன். அதனால் மேலே எழுதினதையெல்லாம் கிழவியின் கற்பனை என்று வைத்துக்கொள்ளுங்கள். ஐயா, யாராக இருந்தாலும் பேனாவை எடுத்து நன்றாகக் குறித்துக்கொள்ளுங்கள், கேட்டால் எங்கே வேண்டுமானாலும் வந்து சொல்கிறேன். என் மகனா? அவனுக்கு ஒன்றும் தெரியாது. சுத்த அசடு. பல்லியைப் பார்த்தால்கூட என்னைத்தான் கூப்பிடுவான்.

இப்படிக்கு,
வாயே திறக்காத உன் அம்மா